ஊமைப் படத்தின் நாயகி பி. கே. ரோசி

பேசாப் படங்களில் நடித்த பெண்மணிகளின் வரலாறு பெரும்பாலும் அப்படங்களோடு அழிந்து போயிற்று. இந்தியாவில் எடுக்கப்பட்ட ஊமைப் படங்கள் ஆயிரத்துக்கு மேற்பட்டவை. அவற்றுள் இன்று கண்ணால் காணக் கிடைப்பவை மிகச் சில. எளிதில் தீப்பற்றும் நைட்ரேட்டுச் சுருள்கள் பெட்டியில் இருந்தபடியே கெட்டன. பழைய சுருள்கள் பலவற்றை வெள்ளிக்காக உருக்கினர். 1931இல் பேசும் படம் வந்தபின் ஊமைப் படங்களைப் போற்றி வைக்க வேண்டும் என்ற எண்ணமும் எவருக்கும் எழவில்லை. இவ்வாறு மறைந்த நடிகையருள் ஒருவர், ஒரே ஒரு படத்தில் நடித்து, அப்படம் திரையிடப்பட்ட சில நாட்களுக்குள் பிறந்த ஊரை விட்டே ஓட நேர்ந்த பி. கே. ரோசி. மலையாளத்தின் முதற் படமாகிய 'விகதகுமாரன்' அவர் நடித்த படம். அவர் தஞ்சம் புகுந்து எஞ்சிய வாழ்நாளைக் கழித்தது நாகர்கோவிலில். எனவே அவர் கதையின் பிற்பகுதி தமிழ்நாட்டின் கதையும் ஆகும்.

திரையில் பெண் தோன்றுவதே அக்காலத்தில் ஒரு பெரிய சிக்கல். 1913இல் பால்கே 'ராஜா ஹரிச்சந்திரா' எடுத்தபோது, சந்திரமதி வேடத்துக்குப் பெண் எவரும் இசையவில்லை. உணவு விடுதியொன்றில் வேலை செய்த சாலுங்கே என்ற இளைஞர் புடவை உடுத்தி நடித்தார். அதே ஆண்டில் எடுக்கப்பட்ட 'மோகினி பஸ்மாசுர'னில் துர்காபாய் காமத்தும் அவர் மகள் கமலாபாயும் நடித்த பிறகே முதன்முதலாகப் பெண்முகம் திரையில் தெரிந்தது. அதன்பின் வந்த நாயகியருள் புகழ்பெற்ற பலர் ஆங்கிலோ இந்தியரும் யூதரும் ஆவர். ரூபி மையர்ஸ் என்பவர் சுலோசனா ஆனார். ரெனி ஸ்மித் என்பவர் சீதாதேவி ஆனார். இந்துக் குடும்பத்துப் பெண்ணாக நடிக்க இந்துப் பெண் கிடைக்காத காலம் அது. ஆகவே வேற்றுச் சமயத்தவர் இந்துப் பெயர் பூண்டு இந்துப் பெண்ணாகத் தோன்றியதைப் பம்பாய் இரசிகர்கள் குற்றமாகக் கருதவில்லை. இதனை நினைவிற் கொள்ளவேண்டும். திருவனந்தபுரத்தில் நிகழ்ந்ததை அளந்தறிய இது உதவும்.

'விகதகுமார'னை எடுத்தவர் ஜே. சி. டானியல். 1900இல் பிறந்தவர், அகத்தீசுவரத்து நாடார் கிறித்தவக் குடும்பத்தினர். அன்று திருவிதாங்கூரில் அடங்கியிருந்த அகத்தீசுவரம் இன்று கன்னியாகுமரி மாவட்டத்தில் உள்ளது. ஆகவே மலையாளத் திரையின் தந்தை என்று கேரளம் கொண்டாடும் இவர் தமிழ் மண்ணின் மைந்தர். சிலம்பம், வாள்வீச்சு முதலிய கலைகளில் அவருக்குப் பெரும்பற்று. அக்கலைகளை ஊரறியச் செய்யச் சினிமாவே ஏற்ற கருவி என்று எண்ணினார். சென்னைக்கும் பம்பாய்க்கும் சென்று படப்பிடிப்பின் நுட்பங்களை ஓரளவு கற்றார். குடும்ப நிலத்தில் நூறு ஏக்கருக்கு மேல் விற்று 30,000 ரூபாய் திரட்டினார் என்பர். 1926இல் திருவனந்தபுரத்துப் பட்டத்தில் 'திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்' என்ற நிலையத்தை நிறுவினார். கதை எழுதியதும், இயக்கியதும், படம் பிடித்ததும், நாயகனாக நடித்ததும் அவரே. வில்லனாக நடித்த ஜான்சன் என்பவரின் மகளே பின்னாளில் தமிழ்ப்படங்களில் புகழ்பெற்ற பி. எஸ். சரோஜா, எம்.ஜி.ஆருடன் 'ஜெனோவா'வில் நடித்தவர் என்றால் பழைய இரசிகர்களுக்கு விளங்கும்.

நாயகி வேடத்துக்கு முதலில் பம்பாயிலிருந்து லானா என்ற நடிகையை வரவழைத்ததாகவும், அவர் கேட்ட வசதிகளைச் செய்து கொடுக்க இயலாமல் திருப்பி அனுப்பியதாகவும் டானியலைப் பற்றி எழுதியோர் குறிப்பிடுவர். அதன் பின்னரே ரோசி வந்தார்.

ரோசியின் இயற்பெயர் ராஜம்மா. திருவனந்தபுரத்தை அடுத்த நந்தன்கோட்டில் 1903ஆம் ஆண்டு பிப்ரவரி 10ஆம் நாள் பிறந்தார் என்று வழங்குகிறது. புலையர் குலத்து ஏழைக் குடும்பம். புல்லறுத்து விற்றுப் பிழைத்தவர் என்றே பெரும்பாலான நூல்கள் அவரை அறிமுகம் செய்கின்றன. அது மெய்யே ஆயினும் பாதி மெய்தான். அவர் காக்காரிசி நாடகம் ஆடியவர். இதனை ஒருவரியில் சொல்லிக் கடந்து போவது வழக்கமாகிவிட்டது. சற்று நின்று நோக்கத்தக்க செய்தி இது.

காக்காரிசி என்பது தென் திருவிதாங்கூரின் நாட்டுப்புற நாடகம். சிவனும் பார்வதியும் குறிசொல்லித் திரியும் காக்கானும் காக்காத்தியுமாக மண்ணுலகுக்கு வந்து, நாட்டுத் தலைவனோடு வாதாடும் கதை அது. பாட்டு, ஆட்டம், சொல்லுக்குச் சொல் மறுமொழி, நகைச்சுவை எல்லாம் கலந்து வரும். உரையாடலில் தமிழும் மலையாளமும் பின்னிக் கிடக்கும். நம்முடைய குறவஞ்சியை அறிந்தவர்களுக்கு இதன் சாயல் உடனே புலப்படும். ஆனால் குறவஞ்சி புலவரால் எழுதப்பட்டு அரங்கேறியது, காக்காரிசியோ பந்தத்தின் வெளிச்சத்தில் வயல்வெளியில் ஆடப்பட்டது. இதில் பெண்வேடத்தையும் ஆடவரே கட்டுவது மரபு. அம்மரபை மீறிக் காக்காத்தியாக ஆடிய முதற் பெண்களுள் ஒருவராக ரோசியைக் குறிப்பிடுகின்றனர். ஆகவே படப்பிடிப்புக் கருவியின் முன் வந்து நின்றவர் ஒன்றும் அறியாத புல்லுக்கட்டுக்காரி அல்லர். கூட்டத்தின் முன் நின்று ஆடிப் பாடவும், தாம் அல்லாத ஒருத்தியாகத் தோன்றவும் பயின்றிருந்த கலைஞர். டானியலுக்குத் தேவைப்பட்டதும் அத்தகையவரே.

படத்தின் கதையையும் அறிதல் வேண்டும். திருவிதாங்கூர்ச் செல்வர் ஒருவரின் மகன் சந்திரகுமாரன். பூதநாதன் என்னும் கொடியவன் அச்சிறுவனைக் கவர்ந்து இலங்கைக்குக் கொண்டு போகிறான். சிறுவன் அங்கே தோட்டத்தில் கூலியாக வளர்கிறான். ஆங்கிலத் துரைக்கு அவன்மீது அன்பு உண்டாகி, நாளடைவில் அவன் சூப்பிரண்டென்டு ஆகிறான். உறவினனாகிய ஜெயச்சந்திரன் இலங்கைக்கு வந்து, உடைமையைப் பறிகொடுத்து, உறவு அறியாமலே அவனோடு நட்புக் கொள்கிறான். இருவரும் திருவிதாங்கூருக்குத் திரும்புகின்றனர். அங்கே சந்திரகுமாரனின் தங்கைக்கும் ஜெயச்சந்திரனுக்கும் காதல் அரும்புகிறது. முதுகிலுள்ள தழும்பினால் சந்திரகுமாரன் யாரென்று தெரிகிறது. குடும்பம் ஒன்று சேர்கிறது. தங்கையாக நடித்தவர் ரோசி. ஜெயச்சந்திரனாக நடித்தவர் டானியல்.

கூலியாகப் போனவன் சூப்பிரண்டென்டு ஆவது 1920களில் திரையில் மட்டுமே நடக்கக் கூடியது. தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்கள் இதைக் கேட்டுச் சிரிக்கலாம். எனினும் மலையாளத்தின் முதற் படமே கடல் கடந்த தோட்டத்தைக் கதைக்களமாகக் கொண்டது என்பது எளிதில் விட்டுவிடத்தக்க செய்தியன்று. நாஞ்சில் நாட்டிலிருந்தும் திருவிதாங்கூரிலிருந்தும் இலங்கைக்கும் மலாயாவுக்கும் கப்பலேறாத ஊர் அக்காலத்தில் அரிது. பிள்ளையைக் கடலுக்கு அப்பால் பறிகொடுத்த தாயின் துயரம் படம் பார்க்க வந்தவர்களுக்குப் புதிதன்று. ஏறத்தாழ இதே காலத்தில் இப்பக்கத்திலும் இதுபோன்ற ஒன்று நிகழ்ந்தது. ஜொகூர் மாநிலத்து மூவாரில் வளர்ந்த லியூ பெய்ஜின் என்னும் சீனர் 'சின் கே' என்ற ஊமைப் படத்தை எடுத்தார். அது 1927 மார்ச்சு 4ஆம் நாள் சிங்கப்பூர் விக்டோரியா அரங்கில் காட்டப்பட்டது. 'சின் கே' என்றால் புதிதாக வந்தவன் என்று பொருள். சீனத்திலிருந்து மலாயாவுக்கு வந்த இளைஞன் ஒருவனின் கதை. ஒன்றையொன்று அறியாத இரண்டு முதற் படங்களும் பிழைப்புக்குக் கடல் கடந்தவனையே நாயகனாகக் கொண்டன. இரண்டின் சுருளும் இன்று இல்லை.

ரோசிக்கு நாளொன்றுக்கு 5 ரூபாய் வீதம் சம்பளம் தரப்பட்டதென்றும், 10 நாள் அளவில் அவர் நடித்து முடித்தாரென்றும் எழுதியிருக்கின்றனர். நிலையத்தில் மற்றவர்களோடு உண்ணாமல், வீட்டிலிருந்து கொண்டுவந்த சோற்றைத் தனியே உண்டு நடிக்கப் போவார் என்றும் சொல்வர். 5 ரூபாய் என்பது எத்தகைய தொகை? 1920களின் கடைசியில் மலாயாவின் முக்கிய வட்டாரத் தோட்டங்களில் இந்தியப் பெண் தொழிலாளிக்கு வகுக்கப்பட்டிருந்த நாட்கூலி 40 காசு. வெள்ளி ஒன்றுக்கு ஏறத்தாழ ஒன்றரை ரூபாய் என்ற அந்நாளைய மாற்று விகிதப்படி அது சுமார் பத்தணா ஆகும். அதாவது இங்கே பால்மரம் சீவிய ஒரு பெண் எட்டு நாள் உழைத்துப் பெற்றதை ரோசி ஒரே நாளில் பெற்றார். டானியல் அவரை மலிவாகக் கிடைத்த ஆளாகக் கருதி அமர்த்தவில்லை என்பதற்கு இக்கணக்கே சான்று.

படம் திருவனந்தபுரம் கேப்பிட்டல் அரங்கில் வெளியாயிற்று. நாள் பற்றிக் கருத்து வேற்றுமை உண்டு. 1928 நவம்பர் 7 என்று நெடுங்காலம் எழுதி வந்தனர். 1930 அக்டோபர் 23 என்பது பின்வந்த ஆராய்ச்சியாளர்களின் முடிபு. புகழ்பெற்ற வழக்கறிஞர் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை காட்சியைத் தொடங்கி வைத்தார். நாயகியாக நடித்தவர் அவ்வரங்குக்குள் அமர்ந்து தம் படத்தைப் பார்க்கக் கூடவில்லை. அவரோடு ஒரே கூரையின் கீழ் அமர ஊரின் பெருங்குடியினர் இசையவில்லை. ஜெயச்சந்திரன் நாயகியின் கூந்தலில் இருந்த பூவை எடுத்து முத்தமிடும் காட்சி வந்ததும் கூச்சல் எழுந்தது, திரைமீது கற்கள் வீழ்ந்தன, திரை கிழிந்தது, காட்சி நின்றது என்பர். ஆலப்புழை முதலிய பிற ஊர்களில் படம் இத்துணைக் கலகமின்றி ஓடியது. கலகம் தலைநகரில்தான் எழுந்தது. ரோசி இன்னாரென்று அறிந்திருந்த ஊரும் அதுவே.

பூவுக்குக் கொடுத்த முத்தம் ஒழுக்கக் கேடாகத் தோன்றியதால் கல்லெறிந்தனர் என்று சொல்வது முழு விளக்கம் ஆகாது. அக்காலத்து மேனாட்டுப் படங்களில் இதனினும் நெருக்கமான காட்சிகளை அதே கொட்டகைகளில் அமைதியாகப் பார்த்தனர். வெறுப்புக்குக் காரணம் வேடம். ரோசி உயர்குடி நாயர் பெண்ணாக, அவர்களுடைய உடையிலும் அணியிலும் தோன்றினார்.

உடை என்பது திருவிதாங்கூரில் வெறும் துணியன்று, சட்டம். நாடார் பெண்கள் மேலாடை அணிவதற்காகப் பல்லாண்டுகள் போராடி, 1859 ஜூலை 26இல் அரச ஆணை ஒன்றைப் பெற்றனர். அந்த ஆணையிலும் ஒரு முட்டு இருந்தது: மேலாடை அணியலாம், ஆனால் மேற்குலத்துப் பெண்கள் அணியும் முறையில் அணியலாகாது! டானியல் பிறந்த குலத்தின் பாட்டிமார் வாழ்ந்த காலத்துச் செய்தி இது. புலையர் நிலை இன்னும் கீழானது. அவர்களுடைய பெண்கள் குலத்தின் அடையாளமாகக் கல்மாலை அணிந்தாக வேண்டும். 1893இல் தடையை மீறி வில்வண்டியில் அரச வீதியில் சென்ற அய்யன்காளி, 1915இல் கொல்லத்தை அடுத்த பெரிநாட்டில் கூடிய கூட்டத்தில் அம்மாலைகளை அறுத்தெறியுமாறு கூறினார். பெண்கள் ஆயிரக்கணக்கில் அறுத்தெறிந்தனர். அப்போது ரோசிக்கு வயது பன்னிரண்டு. வைக்கம் சத்தியாக்கிரகம் நடந்தது 1924, 1925ஆம் ஆண்டுகளில். கோயில் நுழைவுப் பிரகடனம் வந்தது 1936 நவம்பர் 12இல். இவ்விரண்டுக்கும் இடையில்தான் 'விகதகுமாரன்' திரைக்கு வந்தது. கோயில் வாயில் திறவாத நாட்டில், கல்மாலை அறுத்த தலைமுறைப் பெண் ஒருத்தி, பத்தடித் திரையில் பேருருவாய், 1859இன் ஆணை விலக்கிய அதே கோலத்தில் நின்றாள்.

இன்னொன்றும் உண்டு. ஊமைப் படத்தில் குரல் இல்லை. சாதியைக் காட்டிக் கொடுப்பதில் பேச்சுக்கு நிகர் வேறில்லை. திருவிதாங்கூரில் தாழ்ந்த குலத்தார் தம்மைக் குறிக்கவும் தம் வீட்டைக் குறிக்கவும் தனிச் சொற்களே விதிக்கப்பட்டிருந்தன. திரையில் முகமும் உடையும் நடையும் மட்டுமே உள்ளன. அவற்றைக் கொண்டு பார்த்தால் ரோசி நாயர் பெண்ணே. அவரை வேறு குலத்தவர் என்று கண்டறியக் கண்ணுக்கு வழியில்லை. முன்பே அறிந்திருந்தால்தான் உண்டு. காக்காரிசியில் அவர் பார்வதியாகவே வந்தபோது எவரும் கல்லெறியவில்லை. ஏனெனில் அங்கே வேடம் வேடமாகவே தெரிந்தது. படத்தில் அது தெரியவில்லை. நடிப்பு நன்றாக அமைந்ததே குற்றமாயிற்று.

கலகம் அரங்கோடு நிற்கவில்லை. ரோசி குடியிருந்த குடிசையைத் தீயிட்டனர். அவர் இரவோடிரவாக வெளியேறினார். சாலையில் வந்த லாரியொன்று அவரை ஏற்றிக்கொண்டு நாகர்கோவிலுக்குப் போயிற்று. அந்த லாரியை ஓட்டியவரையே பின்னர் மணந்தார். அவர் நாயர் குலத்தவர். ராஜம்மாள் என்ற பெயரோடு ரோசி நாகர்கோவிலில் குடும்பம் நடத்தினார். பிள்ளைகளைப் பெற்று வளர்த்தார். திரையில் சில நாழிகை நாயர் பெண்ணாகத் தோன்றியதற்காகக் கல்லெறி வாங்கியவர், பிறகு வாழ்நாளெல்லாம் நாயர் வீட்டு மனைவியாகவே வாழ்ந்தார். அதற்காக அவர் தந்த விலை தம் பழைய பெயரும் கலையும். மறுபடி அவர் நடிக்கவில்லை.

இதனோடு ஒப்பிட ஒரு வாழ்வு உண்டு. ரோசி நடித்த அதே காலத்தில் மேடையிலிருந்து ஊமைப் படத்துக்கு வந்தவர் திருவையாற்று டி. பி. ராஜலட்சுமி. 1929இல் ஊமைப் படமாகிய 'கோவல'னில் நடித்தார். 1931 அக்டோபரில் தமிழின் முதற் பேசும் படமாகிய 'காளிதா'சின் நாயகி ஆனார். 1936இல் 'மிஸ் கமலா'வைத் தாமே எழுதி இயக்கினார். அவருக்கும் எதிர்ப்புகள் இருந்தன. ஆயினும் பேசும் படம் வந்த வேளையில் பாடத் தெரிந்த, ஆடத் தெரிந்த, மேடை பழகிய பெண்ணுக்குப் பெருங்கிராக்கி இருந்தது என்பதற்கு அவர் வாழ்வே சான்று. ரோசிக்கும் ஆட்டமும் பாட்டும் தெரியும். தமிழும் மலையாளமும் கலந்த நாடகத்தில் பழகிய நாவும் உண்டு. மலையாளத்தின் முதற் பேசும் படமாகிய 'பாலன்' 1938இல் வந்தது. அதைத் தயாரித்தது சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ். அப்போது ரோசி நாகர்கோவிலில் ராஜம்மாள்.

டானியலும் மீளவில்லை. கருவிகளை விற்றுக் கடன் அடைத்தார், நிலையம் மூடப்பட்டது, பல் மருத்துவராகிப் பிழைத்தார். 1956 நவம்பர் 1இல் கன்னியாகுமரி மாவட்டம் சென்னை மாநிலத்தோடு இணைந்தது. அதன்பின் முதுமையில் கேரள அரசின் உதவித்தொகைக்கு விண்ணப்பித்தபோது, தமிழ்நாட்டில் வாழ்பவர் என்று காரணம் காட்டி மறுத்தனர். 1975இல் அகத்தீசுவரத்தில் காலமானார். மலையாளத்தின் முதற் படத்து நாயகனும் நாயகியும் இவ்வாறு ஒரே தமிழ் மாவட்டத்தில், பேருந்தில் ஒரு மணி நேரத்துக்குள் எட்டக்கூடிய இரண்டு ஊர்களில், யாரும் அறியாமல் முதுமை எய்தினர். வீட்டில் இருந்த படச்சுருளைச் சிறுவயதில் விளையாட்டாகக் கொளுத்திவிட்டதாக டானியலின் இளைய மகன் பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். இரண்டாவது மலையாள ஊமைப் படமாகிய 'மார்த்தாண்டவர்மா'வுக்கு நல்ல காலம் இருந்தது. பதிப்புரிமை வழக்கினால் அது முடக்கப்பட்டுப் பதிப்பகத்தாரிடம் தங்கிற்று. 1974இல் புனேயிலுள்ள தேசியத் திரைப்படக் காப்பகத்தை அடைந்தது. ஓடாமல் நின்ற படம் பிழைத்தது. ஓடிய படம் அழிந்தது.

டானியலை உலகுக்கு மீட்டுத் தந்தவர் பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன். 1960களில் அகத்தீசுவரத்துக்கு வந்து அவரைக் கண்டு எழுதினார். ரோசியைத் தேடி எழுதியவர்களுள் முதல்வர் குன்னுகுழி எஸ். மணி. அவருடைய கட்டுரைகள் 1970களின் தொடக்கம் முதல் வெளிவந்தன. 1992இல் கேரள அரசு டானியல் பெயரால் விருது ஏற்படுத்திற்று. ரோசியின் பெயரால் ஏதேனும் அமைய மேலும் கால் நூற்றாண்டுக்கு மேல் ஆயிற்று. 2019இல் மலையாளத் திரைப்பெண்கள் கூட்டமைப்பினர் அவர் பெயரில் ஒரு திரைப்படச் சங்கம் தொடங்கினர். 2023 பிப்ரவரி 10இல் கூகுள் நிறுவனம் தன் முகப்பில் அவர் உருவத்தை வரைந்து பிறந்தநாளைக் குறித்தது.

இதற்கிடையில் வினு ஆபிரகாம் ரோசியைப் பற்றி 'நஷ்ட நாயிகா' என்ற நாவலை எழுதினார். அதனையும் கோபாலகிருஷ்ணனின் நூலையும் தழுவிக் கமல் இயக்கிய 'செல்லுலாய்டு' 2013இல் வெளிவந்தது. டானியலாக பிருதிவிராஜும் ரோசியாக சாந்தினி கீதாவும் நடித்தனர். படம் பாராட்டுப் பெற்றது. ஆனால் ரோசியைக் காட்டிய முறையைக் கண்டித்துத் தலித் எழுத்தாளர்கள் எழுதினர். அப்படத்தில் ரோசி கூச்சமும் அச்சமும் நிறைந்த பேதைப் பெண். கண்ணாடியில் தம் கோலத்தைக் கண்டு மயங்குபவர். டானியலின் நன்கொடையால் நடிகையானவர். மேடையில் ஆடிப் பழகிய ஒரு கலைஞரை இப்படிக் குறுக்கலாமா என்பது அவர்களின் கேள்வி. காக்காரிசி ஆட்டத்தில் நாட்டுத் தலைவனை எதிரே நிறுத்திச் சொல்லுக்குச் சொல் மடக்குபவள் காக்காத்தி. அவ்வேடம் கட்டியவருக்கு நாணிக் கோணி நிற்க வேண்டிய தேவை இருந்திராது. இவ்வழக்கில் கண்டித்தவர்கள் பக்கமே சான்று உள்ளது.